நொய்யல் கரையில் புதைந்து கிடப்பது என்ன? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வெள்ளியங்கிரி மலையில் பிறந்து கோவை, திருப்பூர் வழியாக வந்து, கரூர் மாவட்டத்தில் காவிரியில் கலக்கிற ஆறு நொய்யல். இன்று சாயக்கழிவுச் செய்தி வந்தால்தான் இந்த ஆற்றின் பெயர் பேப்பரில் அடிபடுகிறது. ஆனால் இதன் இரு கரையிலும் உள்ள காடுதோட்டங்களுக்குக் கீழே இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட வரலாறு கிடக்கிறது. ஊர்ப்பக்கம் போனால் மறுபடி மறுபடி கேட்கப்படும் கேள்விகளை இங்கே ஒரே இடத்தில் தொகுத்திருக்கிறேன்.

கொடுமணல் கொடுமணல் என்கிறார்களே, அது எங்கே இருக்கிறது?

ஈரோடு மாவட்டத்தில், சென்னிமலைக்கு மேற்கே, நொய்யலின் வடகரையில் உள்ள சின்ன ஊர். ஒரத்துப்பாளையம் அணைக்குப் பக்கம் என்றால் சட்டென்று புரியும். பேருந்தில் போகிறவர்கள் கவனிக்காமல் தாண்டிவிடுவார்கள். மேட்டு நிலம், சோளக்காடு, வேலி ஓரத்தில் பனைமரம், அவ்வளவுதான்.

சங்க நூலான பதிற்றுப்பத்தில் இந்த ஊர் ‘கொடுமணம்’ என்ற பெயரில் இரண்டு இடங்களில் வருகிறது. கபிலர் ‘கொடுமணம் பட்ட’ என்று ஒரு பாட்டில் குறிப்பிடுகிறார். அரிசில் கிழார் ‘கொடுமணம் பட்ட வினைமாண் அருங்கலம்’ என்கிறார்: கொடுமணத்தில் கிடைத்த, வேலைப்பாடு மிக்க அரிய அணிகலன். இரண்டுமே சேர மன்னர்களைப் பாடிய பாட்டுகள். புலவர்கள் மிகைப்படுத்திச் சொல்வது உண்டு என்பதால், வெறும் பாட்டை மட்டும் வைத்து யாரும் இந்த ஊரை நம்பவில்லை. பிறகு மண்ணைத் தோண்டியபோது, அணிகலன் செய்த பட்டறையே அங்கே கிடைத்தது.

யார் தோண்டினார்கள்? எப்போது?

1960-களிலேயே இந்தியத் தொல்லியல் துறையினர் இந்த இடத்தைக் கவனித்திருந்தார்கள். பெரிய அளவில் அகழாய்வு தொடங்கியது 1985-இல், தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தின் பொறுப்பில். எ. சுப்பராயலு, கா. ராஜன், ஈரோட்டுப் புலவர் செ. இராசு போன்றவர்களின் பெயர்கள் இந்த ஊரோடு சேர்ந்தே பேசப்படும். 2012, 2013-இல் கா. ராஜன் தலைமையில் புதுவைப் பல்கலைக்கழகம் மீண்டும் தோண்டியது. அதற்குப் பின் மத்திய, மாநிலத் தொல்லியல் துறைகளும் வந்தன.

இத்தனை முறை தோண்டியும் ஊரின் ஒரு சிறு பகுதியைத்தான் பார்த்திருக்கிறார்கள். அகழாய்வு என்றாலே மேட்டை முழுசாக வழித்தெடுப்பது என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. சதுரம் சதுரமாகக் குழி போட்டு, கரண்டியும் தூரிகையுமாக ஒவ்வொரு மண் அடுக்காக இறங்குவார்கள். மீதியை வேண்டுமென்றே தொடாமல் விட்டுவைப்பார்கள், பின்னால் வருகிறவர்கள் கையில் இன்னும் நல்ல கருவி இருக்கும் என்பதற்காக.

தங்கம் கிடைத்ததா?

எல்லோரும் முதலில் கேட்பது இதைத்தான். கொடுமணலின் பெருமை தங்கத்தில் இல்லை, குப்பையில் இருக்கிறது. பட்டறைக் குப்பை.

ஒரு மணியை எடுத்துக்கொள்வோம். கழுத்தில் போடும் சூதுபவள மணி, சிவப்புக் கல்லில் செய்தது. முடிந்த மணியைப் பார்த்தால் அது இங்கே செய்ததா, வேறு எங்கோ செய்து இங்கே வந்து விற்றதா என்று சொல்ல முடியாது. கொடுமணலில் என்ன கிடைத்தது தெரியுமா? உடைக்காத கல், பாதி உருட்டிய கல், ஒரு பக்கம் மட்டும் துளை போட்ட மணி, துளை போடும்போது பிளந்துபோனதால் தூக்கி எறிந்த மணி, கல்லைச் செதுக்கியபோது தெறித்த சில்லுகள், எல்லாம் ஒரே இடத்தில். அப்படியென்றால் அங்கேயே உட்கார்ந்து ஒருவர் வேலை செய்திருக்கிறார். பச்சைக்கல் எனப்படும் பெரில், நீலக்கல், பளிங்கு, செவ்வந்திக்கல், அகேட், சூதுபவளம் எனப் பலவகைக் கற்களில் வேலை நடந்திருக்கிறது. சங்கு வளையல் அறுத்த மிச்சமும் உண்டு. நூல் நூற்கும் சுடுமண் தக்களிகளும் உண்டு.

தக்களியைப் பார்த்ததும் ‘அன்றைக்கே சென்னிமலை நெசவு இருந்தது’ என்று மேடையில் முழங்குகிறவர்கள் இருக்கிறார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கும். ஆனால் இடையில் உள்ள பல நூறு ஆண்டுகளுக்குச் சான்று வேண்டாமா?

அப்புறம் இரும்பு. இரும்பு உருக்கிய உலைகளின் அடிப்பகுதி, காற்று ஊதிய குழாய்த் துண்டுகள், உலோகம் உருக்கும் மண்குவளைகளான மூசைகள், குவியல் குவியலாகக் கிட்டம் (இரும்பு உருக்கியபின் மிஞ்சும் கசடு). ஒரு இடத்தில் பெரிய உலையைச் சுற்றிச் சின்னச் சின்ன உலைகள் அமைந்திருந்தன. மூசையில் வைத்து எஃகு செய்தார்கள் என்று ஆய்வாளர்கள் கருதுவதற்கு இவைதான் அடிப்படை.

கற்கள் எல்லாம் எங்கிருந்து வந்தன?

பாதி பக்கத்திலேயே. காங்கேயம் அருகே உள்ள படியூரில் பச்சைக்கல் கிடைக்கும். 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆங்கிலேயர்கள் அங்கே தோண்டிக் கல் எடுத்து விற்ற பதிவும் இருக்கிறது. சிவன்மலைப் பக்கம் நீலக்கல் வகை. அரசம்பாளையம், வெங்கமேடு பக்கம் பளிங்கு. இரும்புக்குச் சென்னிமலைப் பக்கத்துக் கருமணல். காங்கேயம் வட்டாரத்தில் கல் பொறுக்கிப் பட்டை தீட்டும் தொழில் இன்றும் சிலர் கையில் இருக்கிறது.

மீதிப் பாதி வெகு தூரத்திலிருந்து வந்தது. சூதுபவளத்துக்கு மூலப்பொருள் குஜராத் பக்கம். கொஞ்சமாகக் கிடைத்த வைடூரிய நீலம், அதாவது லாபிஸ் லாசுலி, ஆப்கானிஸ்தான் மலைகளில் கிடைப்பது. சோளக்காட்டு மேட்டில் ஆப்கானிஸ்தான் கல் கிடைப்பதை யோசித்துப் பாருங்கள். அதை வாங்க இவர்களிடம் மாற்றுச் சரக்கு இருந்திருக்கிறது என்பதுதான் இதில் முக்கியம்.

பானை ஓட்டில் எழுத்து என்கிறார்களே, என்ன எழுதியிருக்கிறது?

பெரும்பாலும் பெயர்கள். ‘கண்ணன் ஆதன்’, ‘பண்ணன்’, ‘சம்பன் சுமணன்’ போன்ற பெயர்கள். வணிகக் குழுவைக் குறிக்கும் ‘நிகம’ என்ற சொல்லும் வருகிறது. எழுத்து தமிழ்-பிராமி, அதாவது தமிழை எழுதிய மிகப் பழைய எழுத்து. சுமணன் மாதிரியான பெயர்களில் வடக்கத்திப் பழைய மொழியான பிராகிருதத்தின் சாயல் தெரியும். உள்ளூர்க்காரர்களும் வடக்கிலிருந்து வந்தவர்களும் ஒரே ஊரில் பழகியிருக்கிறார்கள். இப்படி எழுத்துள்ள ஓடுகள் இந்த ஒரு ஊரிலேயே 500-க்கும் மேல். தமிழ்நாட்டில் எழுத்துள்ள ஓடுகள் மிக அதிகமாகக் கிடைத்த இடங்களில் இது ஒன்று.

அரசன் கல்லில் வெட்டச் சொன்ன எழுத்து இல்லை இது. சுட்ட பானையின் தோள்பட்டையில் கூரான இரும்பால் கீறிய எழுத்து. சில பெயர்களில் கை நடுங்கியிருப்பது தெரியும், சிலவற்றில் எழுத்து மாறியிருக்கும். ‘இது என் பானை’ என்று சொல்ல நினைத்த சாதாரண ஆள் ஒருவர் எழுதியது. எனக்கு எந்தப் பெரிய கல்வெட்டையும் விட இதுதான் பிடிக்கும்.

அந்தக் கறுப்பு-சிவப்புப் பானை எப்படிச் செய்தார்கள்? இரண்டு முறை சாயம் பூசுவார்களா?

சாயமே இல்லை. பானையைச் சூளையில் கவிழ்த்து வைத்துச் சுடுவார்கள். உள்பக்கமும் வாய்ப்பகுதியும் காற்றுப் படாமல் புகையில் கறுத்துவிடும். வெளிப்பக்கம் காற்றுப் பட்டுச் சிவக்கும். கொங்குப் பகுதியில் இதோடு இன்னொரு வகையும் நிறையக் கிடைக்கும்: செம்பழுப்புப் பூச்சு பூசி, அதற்குக் கீழே வெள்ளையாக அலையலையாகக் கோடு தெரியும் பானை. உழுத காட்டில் மழைக்குப் பின் நடந்தால் இந்த ஓடு காலில் இடறும்.

எவ்வளவு பழமையானது? ஆளுக்கு ஒரு கணக்குச் சொல்கிறார்களே.

கொடுமணலில் 2012 அகழாய்வில் எடுத்த மாதிரிகளை அமெரிக்க ஆய்வுக்கூடத்தில் கதிரியக்கக் கரிமக் கணிப்புக்கு உட்படுத்தியபோது, கி.மு. 200-க்கும் கி.மு. 408-க்கும் இடைப்பட்ட காலங்கள் வந்தன. பழனி அருகே உள்ள பொருந்தலில், ஒரு கல்லறையில் ஜாடிக்குள் சுமார் 2 கிலோ நெல் கிடைத்தது. அதே கல்லறையில் ‘வய்ர’ என்று எழுதிய புரிமனையும் (பானையை உட்கார வைக்கும் வளையம்) இருந்தது. நெல்லின் காலம் கி.மு. 490 என்று வந்தது. நெல் ஓராண்டுப் பயிர் என்பதால் இந்தக் கணிப்பு முக்கியம். மரக்கரி என்றால் ‘அது பழைய மரமாக இருக்கலாமே’ என்று வாதிடலாம், நெல்லில் அந்த வாதம் எடுபடாது.

இந்தக் கரிமக் கணிப்பில் ஓட்டுக்கு நேரடியாக வயது போட முடியாது. ஓடு கிடந்த அதே அடுக்கில் கிடந்த கரிக்கோ நெல்லுக்கோதான் போட முடியும். ஓட்டை இடத்திலிருந்து எடுத்துவிட்டால் அதன் வயதும் போய்விடும் என்பதை அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இதுதான். மற்றபடி, வாட்ஸ்அப்பில் வரும் ‘பத்தாயிரம் ஆண்டு’க் கணக்குகளுக்கு என்னிடம் பதில் இல்லை.

ரோமானியர்கள் உண்மையிலேயே இங்கே வந்தார்களா?

அவர்களுடைய காசு வந்தது, அது உறுதி. இந்தியாவில் ரோமானியக் காசுப் புதையல்கள் நெருக்கமாகக் கிடைத்திருக்கும் பகுதிகளில் கோவை வட்டாரம் முதன்மையானது. வெள்ளலூரில் 1842-இல் 500-க்கும் மேற்பட்ட வெள்ளிக் காசுகள் கிடைத்தன. பின்னர் அதே ஊரில் மீண்டும் இரண்டு முறை. உடுமலைப் பக்கம் பூதிநத்தத்தில் ஆயிரத்துக்கும் மேல். நொய்யல் கரையிலேயே கத்தாங்கண்ணியில் ஒரு புதையல். பெரும்பாலானவை அகஸ்டஸ், டைபீரியஸ் பேரரசர்களின் காசுகள்.

ஏன் இந்த வட்டாரம்? வரைபடத்தைப் பார்த்தால் புரிந்துவிடும். மேற்குத் தொடர்ச்சி மலையில் பெரிய இடைவெளி பாலக்காட்டுக் கணவாய்தான். கேரளக் கரையில் இருந்த முசிறித் துறைமுகத்தில் இறங்கிய சரக்கு அந்த வழியாக ஏறி, பேரூர், வெள்ளலூர், சூலூர், கொடுமணல் வழியாகக் கரூருக்கும், அங்கிருந்து காவிரியை ஒட்டிக் கிழக்குக் கடற்கரைக்கும் போயிருக்கிறது. இந்தியா ஆண்டுதோறும் ஐந்து கோடி செஸ்டர்ஸ் பணத்தை உறிஞ்சிவிடுகிறது என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி புலம்பியிருக்கிறார். பெரில் இந்தியாவை விட்டால் வேறு எங்கும் அரிதாகவே கிடைக்கும் என்று எழுதியவரும் அவரே. அந்தப் புலம்பலில் படியூருக்கும் ஒரு பங்கு உண்டு என்று நினைக்க இடமிருக்கிறது.

இவ்வளவு வெளிநாட்டுக் காசு புழங்கினால், அது நல்ல காசா என்று பார்க்க ஆள் வேண்டும் அல்லவா? அரச்சலூர் மலைக்குகையில் உள்ள கல்வெட்டில், ஒருவர் எழுத்துகளை இசைக்கேற்ப, ‘த தை தா’ மாதிரியான நடன அடவு ஒலிகளாக அடுக்கி வெட்டியிருக்கிறார். அவர் பெயர் தேவன் சாத்தன். தொழில் வண்ணக்கன், அதாவது காசையும் பொன்னையும் சோதித்துத் தரம் சொல்கிறவர். ரோமானியக் காசுகள் வந்து குவிந்த காலத்துக்குச் சில நூற்றாண்டுகள் பிந்திய கல்வெட்டு அது. பகலில் காசைத் தட்டிப் பார்த்த மனிதர், பாறையில் தாளத்தைப் பதிந்து வைத்திருக்கிறார்! கரூர் பக்கம் புகளூர் ஆறுநாட்டார் மலையில் சேர மன்னர் மூன்று தலைமுறையின் பெயர்களும் கருவூர்ப் பொன் வணிகர் ஒருவரின் பெயரும் கல்லில் இருக்கின்றன. அங்கும் பொன்தான், வணிகம்தான்.

எங்க காட்டுல வட்டமா கல் அடுக்கியிருக்கு. பாண்டியன் குழிங்கறாங்க. உள்ளே புதையல் இருக்குமா?

அது கல்வட்டம். அடியில் இருப்பது கல்லறை. பெரிய பலகைக் கற்களை நான்கு பக்கமும் நிறுத்தி, மேலே மூடுகல் போட்டு, ஒரு பலகையில் வட்டமாகத் துளையும் விட்டிருப்பார்கள். கொடுமணலைச் சுற்றி மட்டும் நூற்றுக்கணக்கில் இருக்கின்றன. உள்ளே பானைகள், எலும்பு, இரும்பு வாள், குதிரைக்கான இரும்புப் பொருள், மணிகள் ஆகியவை இருக்கலாம். ஒரு கல்லறையில் மட்டும் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட சூதுபவள மணிகள் கிடைத்தன.

தங்கம் தேடித் திறக்கிறவர்களுக்குப் பெரும்பாலும் கிடைப்பது உடைந்த பானைதான். ஆத்திரத்தில் அதையும் உடைத்துவிட்டுப் போகிறார்கள். மந்திரவாதியைக் கூட்டிவந்து பூஜை போட்டு ராத்திரியில் தோண்டிய குழிகள் இந்த வட்டாரத்தில் நிறைய. தோண்டியவர் எவரும் பணக்காரர் ஆனதாக நான் கேள்விப்படவில்லை.

என் காட்டில் பழைய ஊர் இருந்திருக்குமா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

முதலில் காட்டின் பெயரைக் கேளுங்கள். நத்தமேடு, நத்தக்காடு, ஓட்டாங்காடு, சாம்பக்காடு, கோட்டைமேடு என்று இருந்தால் கவனிக்க வேண்டிய இடம். ஆள் இல்லாத இடத்துக்கு நத்தம் என்று பெயர் வராது. பத்திரத்தில் புல எண் மட்டும் இருக்கும், பெயர் வயதானவர்கள் வாயில்தான் இருக்கும். அதை எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்து மண்ணின் நிறம். சுற்றிலும் செம்மண்ணாக இருக்க, நடுவில் ஒரு மேடு மட்டும் சாம்பல் நிறத்தில் பொலபொலவென்று இருந்தால் அங்கே ஆட்கள் வாழ்ந்திருக்க வாய்ப்பு அதிகம். பிறகு ஓடுகள். நாலைந்து ஓடு எங்கும் கிடக்கும், அது கணக்கில்லை. கறுப்பு-சிவப்பு ஓடு காலடிக்குக் காலடி கிடந்தால் அது வேறு. கையில் எடுத்தால் கனக்கிற, துளைதுளையாக, உருகி வழிந்தது போன்ற கறுப்புக் கல் கிடந்தால் அது இரும்புக் கிட்டம். எரிமலைக் கல் என்று எடுத்துக்கொண்டு வருகிறவர்கள் உண்டு. கொங்கு நாட்டில் எரிமலை இல்லை.

பார்த்த இடத்திலேயே, பக்கத்தில் ஒரு பேனாவோ தீக்குச்சியோ வைத்து போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். பொறுக்கிக் கொண்டுவர வேண்டாம்.

சொன்னால் அரசாங்கம் காட்டை எடுத்துக்கொள்ளுமா?

இந்தப் பயம்தான் பல இடங்களை அழித்திருக்கிறது. பொக்லைனை வரவழைத்து ராவோடு ராவாகச் சமன் செய்துவிடுகிறார்கள்.

ஓடு கிடக்கிறது என்பதற்காக யார் நிலமும் பறிபோகாது. பட்டா நிலத்தில் தோண்ட வேண்டுமென்றால் உரிமையாளரின் சம்மதம் கேட்டுத்தான் வருவார்கள். வேலை முடிந்ததும் குழிகளை மூடித் தருவதுதான் வழக்கம். கட்டுப்பாடு வருவது, ஒரு இடத்தைப் பாதுகாக்கப்பட்ட சின்னமாக முறைப்படி அறிவித்தால்தான். மத்திய அரசின் சின்னம் என்றால் அதன் எல்லையிலிருந்து 100 மீட்டருக்குள் புதிதாகக் கட்டக்கூடாது, அதற்கப்பால் 200 மீட்டர் வரை அனுமதி வாங்கிக் கட்டலாம். இந்த விதியால் வீடு கட்ட முடியாமல் கஷ்டப்படுகிறவர்கள் இருக்கிறார்கள் என்பதை மறைக்க விரும்பவில்லை. ஆனால் அப்படி அறிவிக்கப்படும் இடங்கள் மிகக் குறைவு. கல்வட்டம் உள்ள காடுகளில் பெரும்பாலானவற்றைத் துறைக்காரர்கள் ஒருமுறைகூட வந்து பார்த்திருக்க மாட்டார்கள்.

உழும்போது காசோ சிலையோ கிடைத்தால்?

1878-ஆம் ஆண்டின் இந்தியப் புதையல் சட்டம் இன்னும் நடப்பில் இருக்கிறது. மண்ணில் புதைந்து கிடைக்கும் பொருளின் மதிப்பு பத்து ரூபாய்க்கு மேல் இருந்தால் மாவட்ட ஆட்சியருக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். அந்தக் காலத்துப் பத்து ரூபாய், மாற்றவே இல்லை. நடைமுறையில் கிராம நிர்வாக அலுவலரிடமோ தாசில்தாரிடமோ சொன்னால் போதும், மேலே போய்விடும். அரசு அந்தப் பொருளை எடுத்துக்கொள்ள முடிவு செய்தால், பொருளின் மதிப்போடு அதில் ஐந்தில் ஒரு பங்கையும் சேர்த்துத் தர வேண்டும். உரிமை கோர யாரும் இல்லாத நிலையில், கண்டெடுத்தவருக்கு முக்கால் பங்கு, நிலத்துக்காரருக்குக் கால் பங்கு என்று அந்தச் சட்டம் பிரிக்கிறது. மறைத்தால் பங்கும் போகும், சிறைக்கும் போக நேரிடும்.

புளி போட்டுத் தேய்க்காதீர்கள். காசில் உள்ள எழுத்து அதோடு போய்விடும்.

மெட்டல் டிடெக்டர் வாங்கித் தேடலாமா?

வேண்டாம்.

ரோமானிய வணிகம் நின்ற பிறகு இந்தப் பகுதி வெறிச்சோடிவிட்டதா?

இல்லை. வழி ஒன்று இருக்கிற வரைக்கும் ஆள் நடமாட்டமும் இருக்கும். கோவை சுண்டக்காமுத்தூர் அருகே ஒரு பாறையில் ‘இராசகேசரிப் பெருவழி’ என்று வட்டெழுத்து என்ற பழைய எழுத்திலும் தமிழ் எழுத்திலும் வெட்டியிருக்கிறது. சோழன் முதலாம் ஆதித்தன் காலத்தது, 9-ஆம் நூற்றாண்டு என்பார்கள். அதே பாலக்காட்டுக் கணவாய்ப் பாதைதான். அரசன் தன் பட்டப்பெயரை வைக்குமளவுக்கு அது முக்கியமான சாலையாக இருந்திருக்கிறது.

அதற்கும் பிந்தியவை புலிகுத்திக் கற்கள். ஒரு ஆள் ஈட்டியோ வாளோ கொண்டு, பாய்கிற புலியைக் குத்துவது போல் செதுக்கியிருக்கும். பட்டிக்குள் புகுந்த புலியோடு சண்டை போட்டுச் செத்தவருக்கு ஊரார் எடுத்த கல். மாடு வளர்ப்பே செல்வமாக இருந்த பகுதியில் இது நிறைய இருப்பதில் ஆச்சரியமில்லை. பல ஊர்களில் இன்று அதற்கு எண்ணெய் பூசி, பொட்டு வைத்து, சாமியாகக் கும்பிடுகிறார்கள். அதனாலேயே தப்பித்த கற்கள் அதிகம். பெயின்ட் அடிக்காமல் விட்டால் இன்னும் நல்லது.

கொடுமணலுக்குப் போனால் பார்க்க ஏதாவது இருக்கிறதா?

கீழடியில் இருப்பது போன்ற அருங்காட்சியகத்தை எதிர்பார்த்துப் போனால் ஏமாற்றம்தான். அகழாய்வுக் குழிகளை மூடிவிட்டார்கள். கல்லறை அருகே நட்டுவைத்த உயரமான நெடுகல், கல்வட்டங்கள், சாய்ந்து கிடக்கும் பலகைக் கற்கள் ஆகியவற்றைப் பார்க்கலாம். பல இடங்கள் தனியார் காடுகளுக்குள் இருப்பதால் கேட்டுவிட்டு நுழையுங்கள். வெள்ளாமை நிற்கும்போது போகாதீர்கள். ஐப்பசி, கார்த்திகை மழைக்குப் பிறகு, உழவு போட்ட காட்டில் மண் அமுங்கி ஓடுகள் மேலே தெரியும் நாட்கள்தான் தோதானவை. குழந்தைகளைக் கூட்டிப்போனால் ஆளுக்கொரு ஓட்டைக் கையில் கொடுத்து உள்பக்கம் என்ன நிறம், வெளிப்பக்கம் என்ன நிறம் என்று கேளுங்கள். கிளம்பும்போது எடுத்த இடத்திலேயே வைக்கச் சொல்லுங்கள். ஊருக்குள் டீக்கடையை நம்ப வேண்டாம், சென்னிமலையிலேயே சாப்பிட்டுவிட்டுப் போவது நல்லது.